கெரிசீம் மலையின் சமாரியர்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சமாரியர்கள் இன்னும் இருக்கிறார்களா?

இருக்கிறார்கள். தமிழில் பைபிள் படித்தவர்களுக்கு 'நல்ல சமாரியன்' உவமையும், கிணற்றடியில் இயேசுவோடு பேசிய சமாரியப் பெண்ணும் தெரியும். அந்த மக்கள் அந்தக் காலத்தோடு மறைந்துபோனார்கள் என்ற எண்ணமும் பரவலாக உண்டு. உண்மையில் அதே மலையில், அதே வேதத்தை வாசித்துக்கொண்டு, எகிப்திலிருந்து விடுதலையானதை நினைவுகூரும் பஸ்கா பண்டிகையில் ஆண்டுதோறும் ஆட்டை அறுத்துக்கொண்டு இன்றும் வாழ்கிறார்கள். மொத்தம் 900 பேரை ஒட்டித்தான் இருப்பார்கள். ஏறத்தாழப் பாதிப் பேர் மேற்குக் கரையில், நாப்ளுஸ் நகரத்துக்கு மேலே கெரிசீம் மலையில் உள்ள கிரியாத் லூசா என்ற கிராமத்தில் இருக்கிறார்கள். மற்றவர்கள் டெல் அவிவுக்குத் தெற்கே ஹோலோன் நகரில் ஒரு தனிக் குடியிருப்பில் இருக்கிறார்கள்.

முதல் உலகப்போரின் இறுதியில் அவர்கள் எண்ணிக்கை 150-க்கும் கீழே போயிருந்தது. அங்கிருந்து ஒரு நூற்றாண்டில் ஆறு மடங்காகப் பெருகியிருப்பதைச் சிறிய செய்தியாக எடுத்துக்கொள்ள முடியாது.

அவர்கள் யூதர்களா?

இல்லை. ஆனால் இஸ்ரவேலர் என்று தங்களைச் சொல்லிக்கொள்வார்கள். யோசேப்பின் மகன்களான எப்பிராயீம், மனாசே ஆகியோரின் கோத்திரங்களும், ஆசாரியர்களான லேவி கோத்திரமும் தங்கள் மூதாதையர் என்பது அவர்கள் மரபு. யூதர்கள் தெற்கே யூதா கோத்திரத்தின் வழியில் வந்த சகோதரர்கள். ஆனால் அவர்கள் வழியில் எருசலேம் பக்கம் திரும்பிவிட்டார்கள் என்று சமாரியர் பார்க்கிறார்கள். 'சமாரியா ஊர்க்காரர்' என்பதைவிட, வேதத்தைக் 'காப்பவர்கள்' என்ற பொருளில்தான் தங்கள் பெயரை அவர்கள் விளக்குவார்கள்.

யூத மத அதிகாரிகளோ, சமாரியரைத் திருமண விஷயத்தில் யூதர்களாக ஏற்பதில்லை. முறைப்படி மதம் மாற வேண்டும் என்பார்கள். ஆனால் 1842-ஐ ஒட்டி நாப்ளுஸில் முஸ்லிம் மத அறிஞர்கள் சிலர், 'இவர்கள் வேதம் பெற்ற மக்களே அல்ல' என்று சொல்லிச் சமாரியரை அழிக்கக் கிளம்பியபோது, 'இவர்களும் இஸ்ரவேலின் ஒரு கிளைதான், தோராவை (மோசேயின் ஐந்து ஆகமங்களை) நம்புகிறவர்கள்தான்' என்று எழுதிக்கொடுத்துக் காப்பாற்றியவர் எருசலேமின் தலைமை ரபி ஹாயிம் ஆபிரகாம் காகின். இரு தரப்பின் உறவை வெறும் பகை என்று எழுதுகிறவர்கள் இதை விட்டுவிடக் கூடாது.

பிரிவினை எங்கே தொடங்கியது?

யாரைக் கேட்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது. மூன்று பதில்கள் உண்டு, மூன்றையும் தெரிந்துகொள்ள வேண்டும்.

சமாரியர் சொல்வது: யோசுவா கானானுக்குள் நுழைந்ததும், தேவனை வழிபடும் ஆசரிப்புக் கூடாரம் கெரிசீம் மலையில் நிறுவப்பட்டது. சில தலைமுறைகள் அங்கே முறையான வழிபாடு நடந்தது. அது தேவனின் தயவுக் காலம். பிறகு ஏலி என்ற ஆசாரியர், தலைமை ஆசாரியப் பட்டத்துக்கு ஆசைப்பட்டு, தன் ஆட்களோடு பிரிந்து சீலோவில் போட்டிக் கூடாரம் அமைத்தார். அந்த நாளிலிருந்து தேவன் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அந்த மறைவுக் காலத்தைப் 'பனூத்தா' என்கிறார்கள். அது இன்னும் முடியவில்லை. ஆகவே அவர்கள் கணக்கில் பிரிந்துபோனவர்கள் சமாரியர் அல்ல, மற்றவர்கள்தாம்.

யூத மரபு சொல்வது 2 இராஜாக்கள் 17-ஆம் அதிகாரத்தில் இருக்கிறது. கி.மு. 722-ஐ ஒட்டி அசீரியர் வட இஸ்ரவேல் நாட்டின் தலைநகரான சமாரியாவைப் பிடித்து, மக்களை நாடு கடத்தி, பாபிலோன், கூத்தா, ஆமாத் போன்ற இடங்களிலிருந்து வேற்றாரைக் குடியேற்றினார்கள். அவர்கள் தேவனையும் தங்கள் பழைய தெய்வங்களையும் சேர்த்து வணங்கினார்கள். யூத மரபு நூலான தல்மூத் சமாரியரைக் 'கூத்தியர்' என்று அழைப்பது இதனால்தான்.

ஆய்வாளர்களில் பெரும்பாலோர் இன்று இரண்டாவது கதையை அப்படியே ஏற்பதில்லை. அசீரிய அரசன் இரண்டாம் சார்கோன் தன் கல்வெட்டில் நாடு கடத்தியதாகச் சொல்லும் எண்ணிக்கை 27,000-க்குச் சற்று மேல். ஒரு நாட்டின் மக்கள் அத்தனை பேரும் அதில் அடங்க மாட்டார்கள். கிராமத்து இஸ்ரவேலர் பெரும்பகுதி அங்கேயே தங்கியிருக்க வேண்டும். 1979-இல் ஏகேய கடலின் டேலோஸ் தீவில் கிடைத்த இரண்டு கிரேக்கக் கல்வெட்டுகள், 'புனித அர்கரிசீமுக்கு (கெரிசீம் மலைக்கு) காணிக்கை அனுப்பும் இஸ்ரவேலர்' என்று ஒரு குழு தன்னை அழைத்துக்கொண்டதைக் காட்டுகின்றன. கிறிஸ்துவுக்கு முன்பே, கடல் தாண்டிய ஊரிலும், இவர்கள் தங்களை இஸ்ரவேலர் என்றே சொல்லியிருக்கிறார்கள்.

2004-இல் வெளியான மரபணு ஆய்வும் ஏறத்தாழ இதையே காட்டியது: தந்தை வழி மரபுத்தடம் யூத ஆசாரியக் குடும்பங்களுக்கு நெருக்கமாகவும், தாய் வழித் தடம் வேறாகவும் இருந்தது. உள்ளூரில் தங்கிவிட்ட இஸ்ரவேல் ஆண்கள், வெளியிலிருந்து வந்த பெண்களை மணந்திருக்கலாம் என்று அந்த ஆய்வாளர்கள் கருதினார்கள்.

கெரிசீம் மலையில் கோயில் இருந்ததா?

இருந்தது. 1982 முதல் இட்ஸாக் மாகென் தலைமையில் நடந்த நீண்ட அகழாய்வு இதை உறுதிப்படுத்தியது. முதல் கட்டுமானம் கி.மு. 5-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியைச் சேர்ந்தது என்பது மாகெனின் முடிவு. மகா அலெக்சாந்தர் காலத்தில்தான் கட்டினார்கள் என்று முதல் நூற்றாண்டு யூத வரலாற்றாசிரியர் யோசேபஸ் எழுதியதைவிட அது ஒரு நூற்றாண்டுக்கும் மேல் முந்தையது. ஏறத்தாழ 400 கல்வெட்டுகளும் துண்டுகளும் கிடைத்தன. பலியிட்ட ஆடு மாடுகளின் எலும்புகள் பெருமளவில் கிடைத்தன.

கி.மு. 110-ஐ ஒட்டி யூத ஆட்சியாளர் யோவான் ஹிர்கானு படையெடுத்து அந்தக் கோயிலையும் அதைச் சுற்றியிருந்த நகரத்தையும் அழித்தார். இரு மக்களுக்கும் இடையே உண்மையான முறிவு இங்கேதான் விழுந்தது என்பதே எங்கள் கருத்து. அதுவரை இருந்தது எந்த மலை சரி என்ற சண்டை. அதற்குப் பின் கைகலந்த பகை. அந்தப் பெண் கிணற்றடியில் இயேசுவிடம் 'எந்த மலையில் தொழுவது' என்று கேட்டது அந்த அழிவுக்கு 150 ஆண்டுக்குள்தான். அவள் நின்ற இடத்திலிருந்து பார்த்தால் மலை நேர் எதிரே தெரியும்.

இத்தனை சிறிய கூட்டமாக எப்படிச் சுருங்கினார்கள்?

ஒரே அடியில் அல்ல. ரோமர் காலத்திலும் பைசாந்தியர் காலத்தின் தொடக்கத்திலும் அவர்கள் பெரிய மக்கள் தொகை. மத்தியதரைக் கடலோரமெங்கும் ஜெபாலயங்கள் வைத்திருந்தார்கள்.

கி.பி. 36-இல் ஒரு மனிதர், மோசே மறைத்துவைத்த புனிதப் பாத்திரங்களைக் கெரிசீமில் காட்டுகிறேன் என்று மக்களைத் திரட்டினார். பொந்தியு பிலாத்து படையை அனுப்பிக் கூட்டத்தைக் கொன்றான். சமாரியர் சிரியாவின் ஆளுநரிடம் முறையிட்டார்கள். பிலாத்து பதவி இழந்து ரோமுக்குத் திரும்பினான். சுவிசேஷங்களில் இல்லாத செய்தி இது, யோசேபஸ் எழுதியது. அவரே, கி.பி. 67-இல் ரோமர் அதே மலையில் 11,600 பேரைக் கொன்றதாகவும் சொல்கிறார்.

பிறகு பாபா ரப்பா என்ற தலைவர் ஜெபாலயங்களைத் திறந்து, சமூகத்தை மீண்டும் ஒழுங்குபடுத்தினார். அந்த மறுமலர்ச்சியில்தான் மார்க்கா, அம்ராம் தாரே போன்றோரின் அராமிய வழிபாட்டுப் பாடல்கள் பிறந்தன. இன்றும் அவற்றைப் பாடுகிறார்கள். ஆனால் 484-இல் பேரரசர் சீனோ கெரிசீம் உச்சியில் மரியாளுக்கு எண்கோண ஆலயம் கட்டினார். தங்கள் மலையிலேயே ஏற முடியாத நிலை. 529-இல் ஜூலியன் பென் சபார் என்பவர் தலைமையில் நடந்த கிளர்ச்சியைப் பேரரசர் ஜஸ்டினியன் மிகக் கொடூரமாக அடக்கினார். ஆயிரக்கணக்கானோர் கொல்லப்பட்டார்கள், பலர் அடிமைகளாக விற்கப்பட்டார்கள், பலர் கிறிஸ்தவராயினர். 556-இல் இன்னொரு கிளர்ச்சி, இன்னொரு அடி. இந்த ஒரு நூற்றாண்டு ஏற்படுத்திய இழப்பிலிருந்து அவர்கள் மீளவே இல்லை.

இஸ்லாமிய ஆட்சிகளில் மெதுவான மதமாற்றம் நடந்தது. நாப்ளுஸ் சுற்றுப்புறத்தில் இன்று முஸ்லிம்களாக இருக்கும் சில குடும்பங்கள் தங்கள் முன்னோர் சமாரியர் என்று நினைவு வைத்திருக்கின்றன. டமாஸ்கஸ், கெய்ரோ, காசா ஊர்களில் இருந்த கிளைகளும் ஒவ்வொன்றாக மறைந்து, நாப்ளுஸ் மட்டுமே மிஞ்சியது.

அவர்கள் நம்பிக்கை என்ன?

தேவன் ஒருவரே. தீர்க்கதரிசி மோசே ஒருவரே. வேதம் மோசேயின் ஐந்து ஆகமங்கள் மட்டுமே. புனித இடம் கெரிசீம் மலை ஒன்றே. இதோடு, பழிவாங்குதலும் பலனளித்தலும் நடக்கும் கடைசி நாள் ஒன்று உண்டு. மரித்தவர் அன்று எழுவார்கள்.

தாவீது, சாலொமோன், ஏசாயா, எரேமியா, சங்கீதம், நீதிமொழிகள் எதுவும் அவர்கள் வேதத்தில் இல்லை. இதைக் 'குறைவு' என்று நினைத்தால் தவறிவிடுவோம். எருசலேம் என்ற பெயர் ஐந்து ஆகமங்களில் ஓர் இடத்தில்கூட வரவில்லை. கெரிசீமின் பெயர் வருகிறது. அவர்கள் வாதம் முழுவதும் இதன்மேல் நிற்கிறது.

வரவிருப்பவரைத் 'தாகேப்' என்பார்கள். தாவீதின் குமாரன் அல்ல, அரசனும் அல்ல. உபாகமம் 18-இல் சொல்லப்பட்ட, மோசேயைப் போன்ற ஒரு தீர்க்கதரிசி. அவர் வந்து, மறைந்துபோன கூடாரத்தை வெளிக்கொண்டுவந்து, பனூத்தாவை முடிப்பார். பிலாத்து காலத்து மனிதர் பின்னால் ஏன் அத்தனை பேர் மலையேறினார்கள் என்பது இப்போது விளங்கும்.

அவர்களுடைய தோராவும் நம் பைபிளின் ஐந்து ஆகமங்களும் ஒன்றுதானா?

கதை ஒன்றுதான். யூதரின் எபிரேய மூலமான மசோராவோடு ஒப்பிட்டால் சுமார் 6,000 வேறுபாடுகள். பெரும்பாலானவை எழுத்துக்கூட்டல், சிறு சொற்கள். ஏறத்தாழ 1,900 இடங்களில் சமாரியப் பாடம் பழைய கிரேக்க மொழிபெயர்ப்பான செப்துவஜிந்தோடு ஒத்துப்போகிறது. முக்கியமான வேறுபாடுகள் மூன்று.

முதலாவது, பத்துக் கட்டளை. 'உன் தேவனாகிய கர்த்தர் நானே' என்பதை முன்னுரையாக வைத்து, மீதியை ஒன்பதாக எண்ணுகிறார்கள். பத்தாவது கட்டளை: கெரிசீம் மலையில் பெரிய கற்களை நாட்டி, சாந்து பூசி, நியாயப்பிரமாணத்தை அவற்றில் எழுதி, இரும்பு படாத கல்லால் பலிபீடம் கட்ட வேண்டும். இதன் வாசகங்கள் உபாகமம் 11, 27 அதிகாரங்களில் ஏற்கெனவே இருப்பவைதாம்.

இரண்டாவது, உபாகமம் 27:4. பலிபீடம் எங்கே? மசோரா 'ஏபால்' என்கிறது. சமாரியப் பாடம் 'கெரிசீம்' என்கிறது. ஏபால் சாபத்தின் மலை, கெரிசீம் ஆசீர்வாதத்தின் மலை. பழைய லத்தீன் மொழிபெயர்ப்பின் ஒரு கைப்பிரதியிலும் 'கெரிசீம்' என்றே இருப்பதால், இங்கே மாற்றியவர்கள் சமாரியர் அல்ல என்று கருதும் ஆய்வாளர்கள் பலர்.

மூன்றாவது, 'கர்த்தர் தெரிந்துகொள்ளும் இடம்' என்று மசோராவில் எதிர்காலமாக வருவது, இவர்களிடம் 'தெரிந்துகொண்ட இடம்' என்று கடந்தகாலமாக வருகிறது. ஒரு வினைச்சொல்தான், ஆனால் ஒன்றில் இடம் இனிமேல் வரும், மற்றதில் அது ஏற்கெனவே முடிவாகிவிட்டது.

'சமாரியர் தங்கள் வசதிக்கு வேதத்தைத் திருத்திவிட்டார்கள்' என்ற பழைய குற்றச்சாட்டு, சாக்கடல் சுருள்கள் கிடைத்த பிறகு அப்படியே நிற்கவில்லை. சாக்கடல் அருகே கும்ரானில் கிடைத்த ஒரு யாத்திராகமச் சுருள், சமாரியப் பாடத்தின் விரிவான வடிவத்தையே கொண்டிருக்கிறது. கெரிசீம் கட்டளை மட்டும் அதில் இல்லை. ஆகவே அந்தப் பாடம் யூதரிடமும் புழங்கிய பொதுச் சொத்து. சமாரியரின் தனிச்சேர்ப்பு மிகக் குறைவு.

அபிஷா சுருள் என்பது என்ன?

ஆரோனின் பேரன் பினெகாசின் மகன் அபிஷா, கானானில் நுழைந்த 13-ஆம் ஆண்டில் எழுதியதாகச் சமாரியர் போற்றும் தோராச் சுருள். எழுத்தமைப்பை ஆராய்ந்தவர்கள் அதன் பழைய பகுதியைக் கி.பி. 12 முதல் 14-ஆம் நூற்றாண்டுக்குள் வைக்கிறார்கள். ஐரோப்பியருக்குச் சமாரியத் தோரா அறிமுகமானது வேறொரு பிரதியால்: 1616-இல் இத்தாலியப் பயணி பியெத்ரோ தெல்லா வல்லே டமாஸ்கஸில் வாங்கியது அது.

என்ன மொழி பேசுகிறார்கள்? என்ன எழுத்து?

மலையில் வீட்டு மொழி அரபு, ஹோலோனில் எபிரேயம். வழிபாட்டில் அவர்களுடைய சொந்த உச்சரிப்புள்ள பழைய எபிரேயமும் அராமியமும். எழுத்து, யூதர் பாபிலோன் காலத்துக்குப் பின் கைவிட்ட பழைய எபிரேய எழுத்தின் நேர் வாரிசு. 22 எழுத்துகள், வலமிருந்து இடம். இன்று உயிரோடு அதை எழுதுகிறவர்கள் இவர்கள் மட்டுமே. தேவனின் நாலெழுத்துப் பெயர் வரும் இடத்தில் 'ஷேமா' என்று வாசிப்பார்கள்.

ஜெபம் எப்படி நடக்கிறது?

கை, வாய், மூக்கு, முகம், காது, கால் எல்லாம் கழுவி, செருப்பைக் கழற்றிவிட்டு, விரிப்பின்மேல் நின்று, குனிந்து, நெற்றி தரையில் பட விழுந்து தொழுகிறார்கள். முகம் கெரிசீமை நோக்கி இருக்கும். மலைமேல் இருப்பவர்கள் அதன் உச்சியை நோக்கித் திரும்புவார்கள். இதைப் பார்த்தவுடன் முஸ்லிம்களிடமிருந்து எடுத்துக்கொண்டது என்று முடிவு கட்டிவிடக் கூடாது. விழுந்து பணிவது பழைய இஸ்ரவேல் வழிபாட்டிலேயே உண்டு.

யூதர் நெற்றியிலும் கையிலும் கட்டும் தோல்பெட்டி இவர்களிடம் இல்லை. வாசல் நிலையில் சிறு குழாயில் வசனம் மறைத்துவைப்பதும் இல்லை. வசனத்தைக் கல்லிலோ பலகையிலோ பெரிதாகப் பொறித்து எல்லோரும் வாசிக்கும்படி மாட்டுவார்கள்.

பண்டிகைகள் எவை?

தோராவில் உள்ள ஏழு மட்டும்: பஸ்கா, புளிப்பில்லாத அப்பப் பண்டிகை, வாரங்களின் பண்டிகை, ஏழாம் மாத முதல் நாள், பாவநிவாரண நாள், கூடாரப் பண்டிகை, அதன் எட்டாம் நாள். தோராவுக்குப் பின் வந்த ஹனுக்கா, பூரிம் இல்லை.

நாட்காட்டியை ஆசாரியக் குடும்பம் சூரிய, சந்திரக் கணக்கால் வகுத்து, ஆண்டுக்கு இரு முறை, பஸ்காவுக்கும் கூடாரப் பண்டிகைக்கும் ஏறத்தாழ இரண்டு மாதம் முன்பு கொடுக்கும். 20 வயதுக்கு மேற்பட்ட ஆண்கள் அப்போது அரைச் சேக்கல் காணிக்கை செலுத்துவார்கள். 19 ஆண்டுக்கு ஏழு முறை அதிகமாதம் சேரும். அந்த ஆண்டுகள் யூதக் கணக்கோடு எப்போதும் ஒத்துப்போவதில்லை. சில வருடம் இரு பஸ்காவுக்கும் இடையே ஒரு மாதம் விழும். ஆண்டு எண்ணுவது கானானுக்குள் நுழைந்த நாளிலிருந்து: அவர்கள் கணக்கில் அது கி.மு. 1638-ஐ ஒட்டியது.

வாரங்களின் பண்டிகை எப்போதும் ஞாயிறுதான், ஏனென்றால் எண்ணத் தொடங்குவது பஸ்கா வாரத்து ஓய்வுநாளுக்கு மறுநாள். ஆண்டுக்கு மூன்று முறை, விடியுமுன் கிளம்பி, பாடிக்கொண்டே மலையுச்சிக்கு யாத்திரை போவார்கள். யோசுவா நாட்டிய பன்னிரு கற்கள், ஈசாக்கைப் பலியிட வந்த இடம், நோவாவின் பலிபீடம் என ஒவ்வோர் இடத்திலும் நின்று ஜெபிப்பார்கள்.

பாவநிவாரண நாளில் பால் குடிக்கும் குழந்தையைத் தவிர எல்லோருக்கும் முழு நாள் உபவாசம். பால் மறந்த பிள்ளைக்கும் சலுகை இல்லை. யூதர் முறையைவிட இது கடுமையானது.

பஸ்கா பலியை விவரமாகச் சொல்ல முடியுமா?

யாத்திராகமம் 12-ஆம் அதிகாரத்தைக் கையில் வைத்துக்கொண்டு பார்த்தால் எல்லாம் புரியும். ஒவ்வொரு செயலுக்கும் ஒரு வசனம் இருக்கிறது.

ஒரு வயது ஆண் ஆட்டுக்குட்டி, எந்தப் பழுதும் இல்லாதது. குடும்பக் கணக்கில் மொத்தம் 40 முதல் 60 வரை தேவைப்படும். முதல் மாதம் 10-ஆம் தேதியிலிருந்து ஆடுகளைத் தனியே வைத்துக் கண்காணிக்க வேண்டும். அறுத்த பின் உள்ளே பழுது தெரிந்தாலும் அந்த ஆடு தள்ளுபடி, அதை எரித்துவிட வேண்டும்; அதற்காகக் கூடுதல் ஆடுகள் வைத்திருப்பார்கள்.

14-ஆம் தேதி பகலிலேயே, ஆளுயரத்துக்கு மேல் ஆழமான, கல் பதித்த வட்டக் குழிகளில் விறகை நிரப்பி மூட்டிவிடுவார்கள். பல மணி நேரம் எரிந்து, சுவர்க் கல் சூடேறி, அடியில் கங்கு மட்டும் நிற்க வேண்டும். மாலையில் எல்லோரும் வெள்ளை உடுத்தி நீண்ட வாய்க்கால் போன்ற பலிபீடத்தைச் சுற்றிக் கூடுவார்கள். தலைமை ஆசாரியர் 12-ஆம் அதிகாரத்தை வாசிப்பார். 'இஸ்ரவேல் சபையார் எல்லாரும் அதை அடிக்க வேண்டும்' என்ற இடம் வரும்போது, சூரியன் மறையும் வேளையில், எல்லாக் கத்தியும் ஒரே நொடியில் இறங்கும். ஒரே வீச்சில் முடிய வேண்டும். அடுத்த நொடி அழுகையும் ஆரவாரமும் கலந்து எழும். ஒருவரையொருவர் கட்டி முத்தமிடுவார்கள். இரத்தத்தைத் தொட்டு நெற்றியில் வைத்துக்கொள்வதும் உண்டு.

முன்பெல்லாம் கொதிநீர் ஊற்றி ரோமத்தைப் பறிப்பார்கள், இப்போது தோலுரிக்கிறார்கள். கொழுப்பும் சிறுநீரகமும் பலிபீட நெருப்புக்கு. தொடைச்சந்து நரம்பை எடுத்துவிட வேண்டும். யாக்கோபு மல்லுக்கட்டிய இரவின் நினைவாக அதை உண்பதில்லை. வலது முன்னங்கால் ஆசாரியருக்கு. பிறகு முழு உடலுக்கும் உப்பு.

ஆட்டை நீளமான மரக்கழியில் கோப்பார்கள். கழியின் அடிப்பக்கம் ஒரு குறுக்குக் கட்டை இருக்கும். அது இல்லாவிட்டால் வெந்து இளகிய இறைச்சி நழுவிக் கங்கில் விழுந்துவிடும். எல்லாக் கழியையும் ஒரே நேரத்தில் குழிக்குள் இறக்குவார்கள். மேலே தட்டி, அதன்மேல் ஈரச் சாக்கு, அதன்மேல் ஈர மண். இங்கேதான் வேலை கெடும். ஓர் இடத்தில் புகை கசிந்தாலும் காற்று உள்ளே போகிறது என்று பொருள். கங்கு சுவாலையாகிவிட்டால் வெளியே கரியும், உள்ளே பச்சையும். வசனம் பச்சையாகவும் தின்னக் கூடாது, தண்ணீரில் அவித்தும் தின்னக் கூடாது என்கிறது. ஆகவே குழியைச் சுற்றி ஆட்கள் நின்று, கசியும் இடத்தில் எல்லாம் சேற்றை அப்பிக்கொண்டே இருப்பார்கள். ஏறத்தாழ மூன்று மணி நேரம் ஆகும்.

நள்ளிரவில் மூடியைத் திறந்து, பெரிய தட்டுகளில் குடும்பம் குடும்பமாக எடுத்துப்போய், புளிப்பில்லாத அப்பத்தோடும் கசப்பான கீரையோடும் விரைவாகச் சாப்பிடுவார்கள். அவர்கள் அப்பம் யூதர்களின் மொறுமொறுப்பான மட்சாவைப் போல இருக்காது. கவிழ்த்த இரும்புச் சட்டியில் சுட்ட, மெல்லிய, மடிக்கக்கூடிய ரொட்டி. எலும்பை உடைக்கக் கூடாது. மிச்சம், எலும்பு எல்லாம் விடியுமுன் நெருப்புக்கு.

கூடாரப் பண்டிகையின் கூடாரத்தை வீட்டுக்குள் போடுவார்களாமே?

ஆம். பைசாந்தியர் கால ஒடுக்குமுறையில் வெளியே போட்ட கூடாரம் தாக்குதலுக்கு இலக்கானதால் உள்ளே வந்தது என்பது அவர்கள் மரபு. கூடத்தின் கூரைக்குக் கீழே உலோகச் சட்டமும் வலையும் கட்டி, பேரீச்ச ஓலையும் இலை அடர்ந்த கிளைகளும் மேலே பரப்பி, அடியில் எலுமிச்சை வகைகள், மாதுளை, ஆப்பிள், சீமை மாதுளம்பழம், குடைமிளகாய் என்று வட்ட வட்டமாகத் தொங்கவிடுவார்கள். ஒரு வீட்டுக்குச் சில நூறு கிலோ ஆகும். கனிந்த பழம் எட்டு நாள் தாங்காமல் காம்பறுந்து விழும். ஆகவே கெட்டியான பழமாகத் தேர்வார்கள். சட்டத்தின் கட்டு இத்தனை எடைக்கு உறுதியாக இருக்க வேண்டும்.

ஓய்வுநாளில் என்ன செய்ய மாட்டார்கள்?

வெள்ளி மாலை சூரியன் மறைவதிலிருந்து சனி மாலை வரை நெருப்பு மூட்டுவது, சமைப்பது, வண்டி ஓட்டுவது, புகைபிடிப்பது எதுவும் இல்லை. உணவு முன்பே தயாராகிவிடும்.

குடும்ப வாழ்க்கையின் முறைகள் என்ன?

ஆண் குழந்தைக்கு எட்டாம் நாளில் விருத்தசேதனம். எந்தக் காரணத்துக்காகவும் தள்ளிப்போடுவதில்லை, ஓய்வுநாளாக இருந்தாலும் சரி. குழந்தை ஆறிலிருந்து பத்து வயதுக்குள் பழைய எழுத்தில் தோரா முழுவதையும் வாசித்து முடித்தால் பெரிய விழா எடுப்பார்கள். உபாகமம் 33-இல் உள்ள மோசேயின் ஆசீர்வாதத்தை ஆணோ பெண்ணோ அந்தப் பிள்ளை மனப்பாடமாகச் சொல்லும்.

மாதவிலக்கில் பெண்ணுக்கு ஏழு நாள் விலக்கு: தனிப் படுக்கை, தனி இருக்கை, தனிப் பாத்திரம். சமையலையும் மற்ற குழந்தைகளையும் கணவரும் உறவினரும் பார்த்துக்கொள்வார்கள். பிரசவத்துக்குப் பின் ஆண் குழந்தை என்றால் 40 நாள், பெண் குழந்தை என்றால் 80 நாள், லேவியராகமம் 12 சொல்வதுபோல.

ஆசாரியரான கொஹேன், செதாக்கா, தன்ஃபி, மார்ஹீவ் என நான்கு பெருங்குடும்பங்களே மிஞ்சியிருக்கின்றன. தன்ஃபியிலிருந்து அல்தீஃப், சாசோனி கிளைகள் பிரிந்தன. பல தலைமுறையாக உறவுக்குள்ளேயே மணந்ததால் பரம்பரை நோய்கள் பெருகின. இன்று திருமணத்துக்கு முன் மரபணுப் பரிசோதனை செய்துகொள்வது வழக்கமாகிவிட்டது. பெண்களைவிட ஆண்கள் அதிகம் என்பது இன்னொரு சிக்கல். அதனால் வெளியிலிருந்து பெண் எடுக்கத் தலைமை ஆசாரியர்கள் இடம் கொடுத்தார்கள்: முதலில் யூதப் பெண்கள், 2000-களிலிருந்து உக்ரைன் போன்ற நாடுகளின் பெண்களும். வருகிற பெண் எல்லா விதிகளையும் ஏற்றுக் கடைப்பிடித்துக் காட்ட வேண்டும். வெளியே மணம் முடிக்கும் சமாரியப் பெண்ணோ சமூகத்தை இழக்கிறாள். இந்த இரட்டை அளவுகோல் நியாயமானது என்று நாங்கள் சொல்ல மாட்டோம்.

தலைமை ஆசாரியர் எப்படித் தேர்வாகிறார்?

ஆரோனின் மகன் எலெயாசாரின் வழி 1624-இல் ஆண் வாரிசின்றி முடிந்தது. அதன்பின் ஆரோனின் இன்னொரு மகன் இத்தாமாரின் வழி என்று கருதப்படும் ஆசாரியக் குடும்பத்தில் வயதில் மூத்த ஆண் அப்பொறுப்பை ஏற்கிறார். தேர்தல் இல்லை. 2013-இல் அப்தெல் பென் ஆஷேர் பொறுப்புக்கு வந்தார்.

இரு நாட்டுச் சண்டைக்கு நடுவே எப்படி வாழ்கிறார்கள்?

மிகக் கவனமாக. ஹோலோன் குடியிருப்பு 1950-களில், அப்போது இஸ்ரேலின் இரண்டாம் குடியரசுத் தலைவராக இருந்த இட்ஸாக் பென் ஸ்வியின் உதவியோடு உருவானது. அங்குள்ள இளைஞர்கள் இஸ்ரேல் ராணுவத்தில் பணிபுரிகிறார்கள். மலைவாசிகள் 1980-களின் இறுதி வரை நாப்ளுஸ் நகருக்குள்ளேயே இருந்தார்கள்; முதல் இன்டிஃபாதா (பாலஸ்தீன எழுச்சி) காலத்தில் மலைக்குக் குடிபெயர்ந்தார்கள். 1996-இல் பாலஸ்தீனச் சட்டமன்றத்தில் அவர்களுக்கென ஓர் இடம் ஒதுக்கப்பட்டது. அதில் இருந்த சலூம் கொஹேன் பின்னர் தலைமை ஆசாரியரானார். மலைவாசிகள் பலரிடம் இஸ்ரேல், பாலஸ்தீன அடையாள அட்டைகள் இரண்டும் உண்டு. இவர்களை ஏதேனும் ஒரு பக்கத்தின் ஆட்களாக எழுதுவது, நாப்ளுஸ் சந்தையில் கடை வைத்திருக்கும் குடும்பங்களை ஆபத்தில் தள்ளும்.

நேரில் பார்க்கப் போகலாமா?

போகலாம். கிராமத்தில் ஒரு சமாரிய அருங்காட்சியகம் உண்டு. உச்சியில் கோயில் நகரத்தின் இடிபாடுகளும் சீனோவின் எண்கோண ஆலய அடித்தளமும் தனித் தொல்லியல் பூங்காவாக இருக்கின்றன. எருசலேம் எரிகோ சாலையில் உள்ள நல்ல சமாரியன் அருங்காட்சியகத்தில் சமாரிய ஜெபாலயங்களின் பழைய மொசைக் தரைகளைப் பார்க்கலாம்.

பஸ்கா பலிக்கு வெளியாட்கள் வரத் தடையில்லை, ஆனால் தேதியைச் சமாரிய நாட்காட்டியில் பாருங்கள். யூத நாட்காட்டியை நம்பிப் போனால் ஒரு மாதம்கூடத் தவறிவிடும். மலை உச்சி 881 மீட்டர் உயரம், இரவில் குளிரும். சோதனைச் சாவடிகள் திடீரென மூடப்படலாம் என்பதால் பகலிலேயே ஏறிவிடுங்கள், பாஸ்போர்ட் கையில் இருக்கட்டும். கூட்டத்தில் வெள்ளை உடை அணிந்தவர்களுக்குப் பலிபீடத்தருகே வழி விட்டு நில்லுங்கள். அந்நியர் பஸ்காவைப் புசிக்கக் கூடாது என்பது வசனத்தின் விதி. ஆகவே இறைச்சியைக் கேட்காதீர்கள், அவர்களும் கொடுக்க மாட்டார்கள். ஓய்வுநாளில் போக வேண்டாம்: கடை திறந்திருக்காது, பேச யாரும் வெளியே வரமாட்டார்கள்.